பேனருக்கு ரெண்டு வரி: 'கொட்டகலை சொந்தங்கள்' குழு

ஹட்டன் சித்தி: 7ஆம் திகதி, தோட்டத் தொழிலாளருக்காகப் போராடின நடேசய்யர் நினைவு நாள். வாசகசாலை பேனர் இன்னிக்கு ராத்திரி 8க்குள்ள அச்சுக்குப் போகணும். 6 அடிக்கு 3 அடி. வாசகம் யாரு குடுக்குறது?

கொழும்பு அண்ணா: இந்தா. "மலையகத்தின் முதல் பாராளுமன்ற உறுப்பினர் கோ. நடேசய்யர்"

பெரியமாமா: பிழை.

கொழும்பு அண்ணா: எது மாமா?

பெரியமாமா: எல்லாமே. பாராளுமன்றத் தேர்தலே 1947லதான். அதுல தோத்தாரு. அதே வருசம் நவம்பர் 7 காலமாயிட்டாரு. அவர் இருந்தது அதுக்கு முந்தி, வெள்ளைக்காரன் காலத்து ரெண்டு சபையில. முதல்ல சட்ட நிரூபண சபை: 1924 தேர்தல்ல இந்தியருக்கு 2 ஆசனம், ஒண்ணு ஐ. எக்ஸ். பெரைரா, மத்த உறுப்பினர் இறந்துபோக, அந்த இடத்துக்கு இவர். அப்புறம் 1936ல ஹட்டன் தொகுதியில ஜெயிச்சு அரசாங்க சபை. "ஹட்டனின் முதல்"னும் போட்றாத. 1931லயே அங்க பெரி. சுந்தரம் வந்தாச்சு, அமைச்சராவும் இருந்தாரு.

சின்னத்தை: வடை 150 சொல்லவா? இல்ல ரோல்ஸா?

கொழும்பு அண்ணா: ரோல்ஸ்

ஹட்டன் சித்தி: நினைவு நாளுக்கு மீன் ரோல்ஸா 🙄

பெரியமாமா: பேனர்ல பதவியே வேணாம்ங்கிறேன். "பத்திரிகையாளர், எழுத்தாளர், தொழிற்சங்கவாதி"ன்னு அந்த வரிசையிலயே போடு. தஞ்சாவூர்க்காரர், அங்கயே பத்திரிகை நடத்திட்டு வந்தவர். இங்க 1921ல தேசநேசன், 1924ல தேசபக்தன். தோட்டத்துக்குள்ள வெளியாள் கூட்டம் போட விடமாட்டாங்க. புடவை வியாபாரி வேசத்துலதான் முதல்ல லயத்தை, தொழிலாளர் குடியிருந்த வரிசை வீடுகளை, பாத்தாரு. ஆள் போக முடியாத இடத்துக்குத் தாள் போகும். அதுதான் அவர் அரசியல்.

கண்டி மாமி: 👏👏

குட்டி: பெரியப்பா நான் 3 நிமிசம் பேசணும். துண்டுன்னா என்னா?

பெரியமாமா: தொழிலாளி வேற தோட்டம் போகணும்னா, இவ்வளவு கடன் இருக்கு, கட்டினா விடுறோம்னு தோட்டத்துல எழுதிக் குடுக்குற சீட்டு. புதுத் தோட்டம் அந்தக் காசைக் கட்டும். கடன் தீராது, ஆள் சேர்த்து வேலை வாங்குற கங்காணி வழியா புது இடத்துக் கணக்குல ஏறும். ஒவ்வொரு தடவை மாறும்போதும் தொகை கூடும். 1921 சட்டம் துண்டை ஒழிச்சிச்சு. ஆனா பற்றுச்சீட்டு, அதாவது பழைய தோட்டம் விடுவிச்சதுக்கான சீட்டு, இருந்துச்சு. அது கையில இல்லாம அடுத்த தோட்டத்துல பேர் பதிய மாட்டாங்க. சம்பளத்தையும் சொல்லு: 1927ல குறைந்தபட்சச் சம்பளச் சட்டம், 1929ல உயர்நாட்டுக்கு ஆணுக்கு நாள் சம்பளம் 54 சதம், பெண்ணுக்கு 43, பிள்ளைக்கு 32. விலை விழுந்து சம்பளத்துல கை வச்ச காலத்துலதான், 1931ல, ஹட்டன்ல தோட்டத் தொழிலாளர் சம்மேளனம் ஆரம்பிச்சாரு.

குட்டி: கங்காணிக்கு என்னா லாபம்?

பெரியமாமா: வேலைக்கு இறங்குற தலைக்கு இவ்வளவுன்னு தலைக்காசு. ஆள் குறைஞ்சா காசு குறையும். அதான் சங்கம்னாலே எரிச்சல்.

நுவரெலியா தம்பி: பெரிய வீட்டு ஆளுங்க யாரும் பேசவே காணோம் 😄

பெரிய வீட்டு அத்தை: எங்க தாத்தா கங்காணிதான். அவரு வச்ச மரத்து நிழல்லதான் உங்க வீட்டுக் கல்யாணம் நடந்துச்சு.

நுவரெலியா தம்பி: _இந்தச் செய்தி நீக்கப்பட்டது_

பெரிய வீட்டு அத்தை: படிச்சிட்டேன் தம்பி.

ஹட்டன் சித்தி: விடுங்க. பேனர்!!

கண்டி மாமி: அவர் மனைவி மீனாட்சியம்மாள் படம் போடலயா? கூட்டத்துல அவங்க பாடினப்புறம்தான் ஐயர் பேசுவாரு.

பெரியமாமா: கட்டாயம் போடணும். எழுத்து தெரியாத சனத்துக்குப் பாட்டுதான் பத்திரிகை. பாட்டுகளை அவங்க புத்தகமாவும் போட்டாங்க. அவரும் 1937ல தொழிலாளர் அந்தரப் பிழைப்பு நாடகம்னு ஒண்ணு எழுதினாரு, அதுவும் அதே கணக்குதான்.

கொழும்பு அண்ணா: ரெண்டு படம் போட்டா எழுத்து சின்னதாயிரும். அதோட பழைய பத்திரிகைப் படத்தை போன்ல எடுத்துப் பெரிசாக்கினா கட்டம் கட்டமாத் தெரியும். படம் ஒரு அடி உயரம்னா 1200 பிக்சலாவது வேணும். ஸ்கேன் இருக்கா?

பெரியமாமா: ஐயர் படம் இருக்கு. அம்மா படம் தேடணும்.

கொழும்பு அண்ணா: சித்தி, வாசகத்தை வேர்ட்ல அனுப்பாதீங்க. கடையில பாமினி எழுத்து, நம்மளது யூனிகோட். மாத்தும்போது கொம்பு ஒரு பக்கம், எழுத்து ஒரு பக்கம் போயிரும். நான் எழுத்தை வளைவுக் கோடா மாத்தி பிடிஎஃப்ல தாரேன்.

கண்டி மாமி: கொழும்புல சிங்களத் தொழிற்சங்கத் தலைவர் குணசிங்கவோட ஐயர் சேந்து வேலை செஞ்சதைக் குட்டி சொல்லட்டும். சிங்களப் பிள்ளைகளும் வருவாங்க.

பெரியமாமா: சொல்லலாம். பிரிஞ்சதையும் சொல்லணும். 1920களின் கடைசியில குணசிங்க இந்தியத் தொழிலாளருக்கு எதிராத் திரும்பினாரே, அதை மறைச்சா பாதிக் கதை.

கண்டி மாமி: நினைவு நாள்ல வேணுமா அது?

பெரியமாமா: 🎤 குரல் பதிவு 6:42

குட்டி: பெரியப்பா எனக்கு 3 நிமிசம்தான் 😭

சின்னத்தை: வடைதானே? கடைக்காரன் லைன்ல நிக்கிறான்.

கொழும்பு அண்ணா: 7:40 ஆச்சு. படம் ஒண்ணா ரெண்டா?

ஹட்டன் சித்தி: ரெண்டு. கிடைக்கலன்னா ஒண்ணு. மீனாட்சியம்மாள் பேர் மட்டும் பெரிசா.

பெரிய வீட்டு அத்தை: காசு நான் தாரேன். பேனர்ல உபயம்னு யார் பேரும் வேணாம்.

நுவரெலியா தம்பி: சரி அத்தை 🙏