வவுனியாவிலிருந்து ஒரே நாளில் பொலனறுவைச் சிவன் கோயில்கள்: வழிகாட்டியோட போறதெண்டால் எப்பிடி?

நெளுக்குளத்தான் (கேள்வி)

வணக்கம். 11 பேர், ஒரு ஹைரூப் வான், விடிய வெளிக்கிட்டு அண்டைக்கே வீடு திரும்ப வேணும். அம்மாவுக்கு 72 வயது, முழங்கால் வருத்தம். கனடாவிலிருந்து வாற தங்கச்சி குடும்பம் 4 பேர், அதில சின்னப்பிள்ளையள் 2. எங்களுக்கு முக்கியம் சோழர் காலத்துச் சிவன் கோயிலும் தமிழ்க் கல்வெட்டுகளும். விகாரைகளும் பாக்கத்தான் வேணும், ஆனால் அதிலயே நாள் முடிஞ்சிடக் கூடாது.

எத்தினை மணிக்கு வெளிக்கிடுறது? வழிகாட்டியை அங்க போய்ப் பிடிக்கலாமோ? சிகிரியாவையும் சேர்த்துப் பாக்கலாம் எண்டு வான்காரர் சொல்லுறார், சரிவருமோ?

ஏ9_ஹயர்

கடைசிக் கேள்விக்கு முதல் பதில்: சிகிரியாவைச் சேர்க்க வேண்டாம். ஏறி இறங்கவே ரெண்டரை மணித்தியாலம் போகும். அம்மாவும் பிள்ளையளும் கீழ வெயிலுக்க இருப்பினம், பொலனறுவையில நீங்கள் பாறையில செதுக்கின புத்தர் சிலையள் இருக்கிற கல் விகாரையை மட்டும் பாத்திட்டு ஓடி வருவியள்.

பாதை: மதவாச்சி, மிகிந்தலை, மரதன்கடவல, அங்க இடப்பக்கம் திரும்பி ஹபரணை, மின்னேரியா, பொலனறுவை. ஏறக்குறைய 140 கிலோமீற்றர், நிப்பாட்டாமல் ஓடினால் மூண்டு மணித்தியாலம். விடிய நாலரைக்கு வெளிக்கிட்டால் ஹபரணையில தேத்தண்ணி குடிச்சு எட்டு மணிக்கு முதல் நிக்கலாம். ஆறு மணிக்கு வெளிக்கிடுற ஆக்கள் ஒன்பதரைக்குத்தான் உள்ளுக்க போவினம். பத்தரைக்குக் கல்லு சுடத் தொடங்கிவிடும். செருப்பைக் கழட்டின பிறகுதான் அந்த ஒண்டரை மணித்தியாலத்தின்ர அருமை விளங்கும்.

திரும்பேக்க இதைவிடக் கவனம். மின்னேரியாவுக்கும் ஹபரணைக்கும் இடையில பின்னேரம் யானை றோட்டுக்கு வரும். ஆவணி, புரட்டாதியில குளம் வத்தி, கரையில புல்லு முளைக்கிற நேரம் கூட்டங்கூட்டமாய் நிக்கும். பொலனறுவையில நாலரைக்கு வானில ஏறினால் வெளிச்சம் இருக்கேக்கயே ஹபரணையைத் தாண்டலாம். தனி யானை நிண்டால் கோர்ன் அடிக்காமல், லைற்றை மின்ன விடாமல், தூரத்தில நிப்பாட்டிக் காத்திருக்க வேணும். பிள்ளையள் யன்னலால வாழைப்பழம் நீட்டக் கூடாது. றோட்டில தீனி கிடைச்ச யானைதான் பேந்து வானை மறிக்கிறது.

வான் பேசேக்க மூண்டு விசயத்தை முன்கூட்டியே கதைச்சு முடியுங்கோ: கிலோமீற்றர் கணக்கோ மொத்தக் காசோ, சாரதியின்ர சாப்பாடு ஆர் பொறுப்பு, வழியில எந்தக் கடையிலயும் நிப்பாட்டுறேல்லை. மரச்சிற்பக் கடை, மாணிக்கக் கடை எண்டு ஒருக்கா இறங்கினால் முக்கால் மணித்தியாலம் போச்சு.

கல்லெழுத்து

வழிகாட்டி விசயம். சுற்றுலா அபிவிருத்தி அதிகாரசபையின்ர படம் போட்ட அட்டை கழுத்தில தொங்க வேணும். வாசலில ஓடி வந்து ஏறுற எல்லாரிட்டயும் அது இருக்காது. தமிழ் கதைக்கிறவர் வேணுமெண்டால் அங்க போய்த் தேடிப் பிரயோசனமில்லை, ஒரு கிழமைக்கு முதலே பேசி வையுங்கோ. தொகையைப் பேசேக்க ஆளுக்கோ குழுவுக்கோ, எத்தினை மணித்தியாலம் எண்டதையும் கேளுங்கோ.

அதோட இதையும் சேர்த்துச் சொல்லுங்கோ: "முதலாம் சிவன் கோயில், ரெண்டாம் சிவன் கோயில், வேளைக்காரர் கல்வெட்டு, மூண்டும் கட்டாயம்." சொல்லாட்டி வழமையான சுற்று அரண்மனை, தலதா மளுவ (தந்ததாதுக் கோயில் முற்றம்), ரன்கொத் விகாரை, லங்காதிலகம், கல் விகாரை எண்டு போயிடும். முதலாம் கோயில் தலதா மளுவவுக்குப் பக்கத்தில இருக்கிறதால கண்ணில படும். ரெண்டாவது தள்ளி இருக்கு, வான் திரும்பாமலே போயிடும். நீங்கள் தேடிப் போறதே அதைத்தான்.

ஏனெண்டால் இலக்கம் வயதுப்படி இல்லை. ரெண்டாம் இலக்கம்தான் பழசு, பொலனறுவையில நிக்கிற கட்டடங்களிலயே மிகப் பழையவற்றில ஒண்டு. 993 அளவில சோழப் படை வந்து, 1070 இல முதலாம் விஜயபாகு துரத்தும் வரைக்கும் பொலனறுவை சோழரின்ர தலைநகர். ஜனநாதமங்கலம் எண்டு பேர். சோழ அரசி ஒருத்தியின்ர பேரில இந்தக் கோயிலுக்கு வானவன்மாதேவி ஈஸ்வரம் எண்டு பேர். கொஞ்சக் காலமே ஆண்ட ஆதிராசேந்திரன் காலத்துக் கல்வெட்டும் அங்க இருக்கு. முதலாம் இலக்கம் 13ஆம் நூற்றாண்டு, பாண்டியர் பாணி. ரெண்டையும் சேர்த்து "சோழர் கோயில்" எண்டு ஒரு மூச்சில சொல்லுற வழிகாட்டியளும் இருக்கினம். அப்பிடிச் சொன்னால் சண்டை பிடிக்காதேங்கோ, ரெண்டுக்கும் என்ன வித்தியாசம் எண்டு மட்டும் கேளுங்கோ.

வித்தியாசம் கண்ணால பாக்கக்கூடியது. ரெண்டாம் கோயில் அடியிலயிருந்து சிகரம் வரைக்கும் முழுக்கக் கல்லு, அதாலதான் விமானம் இண்டைக்கும் நிக்குது. முதலாம் கோயிலுக்கு மேல்தளம் செங்கல், அது விழுந்து சுவர் மட்டும் மிச்சம். ஆனால் அந்தச் சுவரில கல்லும் கல்லும் சேருற இடத்தில நகத்தை வச்சுப் பாருங்கோ, பூராது. அளவான வேலைப்பாட்டுக்கு அதுதான், எளிமைக்கும் பழமைக்கும் ரெண்டாவது.

பிள்ளையளுக்குக் காட்ட: கீழயிருந்து மேல போற அடுக்குகள் உபானம், ஜகதி, குமுதம், பட்டிகை, சுவர், கொடுங்கை. சுவரில அரைத்தூண்களுக்கு இடையில இருக்கிற மாடம்தான் தேவகோட்டம். உள்ளுக்க சிலை இல்லை, அதாலயே அமைப்பு வடிவாய்த் தெரியும். இதைப் பாத்த பிறகு ஊர்க்கோயில் விமானத்தைப் பாத்தால் எது எது எண்டு அவையே சொல்லுவினம்.

கல்வெட்டு வாசிக்கிறது: நேர நிண்டு பாத்தால் வெறுங் கல்லுத்தான். வெளிச்சம் சாய்வாய் விழ வேணும். கோயில் கிழக்குப் பாத்தது, அதால காலை வெயில் பக்கச் சுவரை உரசிக்கொண்டு போகும். மார்கழி, தையில தெற்குச் சுவர், ஆனி, ஆடியில வடக்குச் சுவர். மற்ற நேரம் போன் ரோர்ச்சைச் சுவரோட ஒட்டினமாதிரி, எழுத்துக்கு ஒரு சாண் தள்ளிப் பக்கத்தால பிடியுங்கோ. எழுத்துப் பள்ளத்தில நிழல் விழுந்து வரி எழும்பி வரும். சோக்கட்டி, மா, தண்ணி ஒண்டும் பூசக் கூடாது, சட்டப்படி குற்றம்.

அந்த எழுத்தில புள்ளி இருக்காது. எகரத்துக்கும் ஏகாரத்துக்கும் வித்தியாசம் காட்டமாட்டினம், ரகரமும் காலும் ஒரே மாதிரி. அதால வரி வரியாய் வாசிக்க வெளிக்கிட்டால் களைச்சுப்போவியள். "ஸ்ரீ", "உடையார்", "ஈஸ்வர" இந்த மூண்டையும் தேடுங்கோ. பதினொரு பேரில ஒராளாவது கண்டுபிடிப்பினம்.

வேளைக்காரர் கல்வெட்டு தலதா மளுவவில அட்டதாகே எண்ட பழைய தந்ததாதுக் கோயிலுக்குப் பக்கத்தில நிக்கிற பலகைக் கல்லு. விஜயபாகு கட்டுவிச்ச தந்ததாதுக் கோயிலை நாங்கள் காப்பம் எண்டு தமிழ்ப் படையினர் தமிழில வெட்டிவிச்ச ஒப்பந்தம். சோழரைத் துரத்தின அரசனின்ர கோயிலுக்குத் தமிழ்க் காவல். நல்ல வழிகாட்டி எண்டால் இந்தக் கல்லடியில கால் மணித்தியாலம் நிப்பார். மற்றவை கிட்டக் கிடக்கிற கல் பொத்த எண்ட பெரிய கல்லுப் புத்தகத்துக்குப் போயிடுவினம். 25 தொன் எண்டு சொன்னால் சனம் வாய் பிளக்கும்தானே.

நெளுக்குளத்தான்

மிச்சம் நன்றி ரெண்டு பேருக்கும். தங்கச்சியாக்களுக்கு ரிக்கற் எப்பிடி? அம்மா ரெண்டாம் கோயிலில கற்பூரம் கொளுத்த வேணும் எண்டு நிக்கிறா. அவவுக்கு எவ்வளவு தூரம் நடக்க வேண்டி வரும்?

குளக்கட்டு

ரிக்கற்றை நூதனசாலைக் கட்டடத்தில எடுக்க வேணும். இடிபாட்டு வாசலில பாக்கிறது மட்டும்தான், அங்க போய் நிண்டால் திருப்பி அனுப்புவினம். அடையாள அட்டை உள்ள ஆக்களுக்கு உள்ளூர் விலை. வெளிநாட்டுக் கடவுச்சீட்டு எண்டால் டொலர் விலை, பல மடங்கு. தமிழ் கதைச்சாலும் முகம் பாத்து விடமாட்டினம். இரட்டைப் பிரசாவுரிமை இருந்தால் இலங்கை அடையாள அட்டையோ கடவுச்சீட்டோ மூலப்பிரதி கொண்டு போகச் சொல்லுங்கோ, போனில இருக்கிற படத்தை நம்பி வெளிக்கிட வேண்டாம். பின்னேரம் வரைக்கும் துண்டைத் துலைக்காதேங்கோ, இடையிலயும் கேப்பினம்.

கற்பூரம் வேண்டாம் அண்ணை. அம்மாவுக்கு முதலே விளங்கப்படுத்துங்கோ. பாதுகாக்கப்பட்ட சின்னம் எண்டது ஒண்டு. மற்றது, எண்ணெயும் கரியும் கல்லுக்குள்ள ஊறினால் பிறகு கழுவி எடுக்கேலாது, எழுத்து இருக்கிற இடமெண்டால் எழுத்தே போச்சு. உள்ளுக்க லிங்கம் இருக்கு. பூ வச்சுக் கும்பிட்டு, ஒரு தேவாரம் பாடலாம், அதை ஆரும் மறிக்கிறேல்லை.

நடை: வான் உள்ளுக்க ஒவ்வொரு தரிப்பிடத்துக்கும் போகும். கரைச்சல் தலதா மளுவப் படியும், கல் விகாரைக்குப் போற நடையும்தான். படியில ஒராள் கையைப் பிடிச்சால் காணும். எல்லாருக்கும் தடிச்ச சொக்ஸ் ஒரு சோடி எடுங்கோ, செருப்புக் கழட்டினாலும் சொக்ஸோட நடக்க விடுவினம். தோளும் முழங்காலும் மூடின உடுப்பு வேணும். புத்தர் சிலைக்கு முதுகு காட்டிப் படம் எடுக்கக் கூடாது, பிள்ளையளுக்கு இதை வானிலயே சொல்லி வையுங்கோ.

ஒழுங்கு இப்பிடி வச்சால் நல்லம்: ரிக்கற் எடுத்த உடன நேர ரெண்டாம் சிவன் கோயில், பிறகு தலதா மளுவ, முதலாம் கோயில், 12 மணிக்கு நூதனசாலை. உச்சி வெயிலுக்கு நிழலும் ஆச்சு, கோயில் இடங்களில தோண்டி எடுத்த செப்புத் திருமேனியளையும் பாக்கலாம். மிச்சத் திருமேனியள் கொழும்பு நூதனசாலையில. மூண்டு மணிக்குப் பிறகு லங்காதிலகமும் கல் விகாரையும். சாப்பாட்டுப் பார்சலை வானுக்குள்ள வச்சுக் கண்ணாடியைப் பூட்டுங்கோ. புளிச்சோத்து மணத்துக்குக் குரங்கு கையைவிட்டு இழுக்கும். தண்ணி ஆளுக்கு ஒண்டரை லீற்றருக்குக் குறையாமல். போயா (பௌர்ணமி) நாளில போகாதேங்கோ, தரிப்பிடம் கிடையாது.

பாலாவிக்கரை

அம்மாவுக்கு மூண்டு மூண்டு ஆறு மணித்தியாலம் வானில இருக்கேலாது எண்டால், அவவுக்கு வேற நாளில திருக்கேதீச்சரம் வையுங்கோ. செட்டிகுளம், பறையனாலங்குளம், முருங்கன் பாதை, பாதித் தூரம்தான். சம்பந்தரும் சுந்தரரும் பாடின தலம். பழைய கோயிலைப் போர்த்துக்கேயர் 16ஆம் நூற்றாண்டில இடிச்சது, இப்ப நிக்கிறது புதுசு. இடிபாடு பாக்கிற எண்ணத்தோட போனால் ஏமாறுவியள், கும்பிடப் போறதெண்டால் மத்தியானம் நடை சாத்த முதல் போய்ச் சேருங்கோ. அந்தப் பக்கத்து மாதோட்டத்தில தாழிகுமரன் எண்டவர் கட்டின இராசராசேச்சரம் எண்ட சிவன் கோயிலின்ர கல்வெட்டும் கொழும்பு நூதனசாலையிலதான் இருக்கு.

கல்லெழுத்து

ஒண்டு விட்டுப்போச்சு. தமிழ் வழிகாட்டி அம்பிடாட்டி, சிங்களத்தில கேக்கேக்க "சிவ தேவாலே அங்க தெக்க" (சிவன் கோயில் இலக்கம் ரெண்டு) எண்டு சொல்லுங்கோ. "சிவன் கோயில்" எண்டு பொதுவாய்க் கேட்டால் முதலாவதுக்கே கொண்டு போய் இறக்கிவிடுவினம். "தெக்க" எண்டதை அழுத்திச் சொல்லுங்கோ.

நெளுக்குளத்தான்

எழுதி வச்சிட்டன். சிகிரியாவை வெட்டியாச்சு, வான்காரருக்கு முகம் சரியில்லை. நாலரை எண்டது நாலேகால்.

ஏ9_ஹயர்

நாலு எண்டு சொல்லுங்கோ. பதினொரு பேர்.