மஞ்சக்கால் கோழி எந்த இனம்?

கானாடுகாத்தான்காரி:
ஆயா கொல்லையில் சோளம் இறைக்கும்போது கவனித்தேன். நாட்டுக்கோழிகளில் சிலதுக்குக் கால் மஞ்சள், சிலதுக்குக் கறுப்பு. கூடி, பெருகக்கூடிய குஞ்சு பொரித்தால் ஒரே இனம், இது 1942-இல் எர்ன்ஸ்ட் மயர் என்ற உயிரியலாளர் சொன்ன இலக்கணமாம். அப்ப காட்டுக்கோழி? "கூப்பிட்டா வர்றது நாட்டுக்கோழி, ஓடுறது காட்டுக்கோழி"ன்னு ஆயா ஒரே வரியில் முடிச்சிட்டாக.

கோட்டையூர் வாத்தியார்:
நாட்டுக்கோழிக்கு முக்கிய மூதாதை சிவப்புக் காட்டுக்கோழி. ஆனால் மஞ்சள் தோலுக்கான மரபணு, நம்ம பக்கத்து மலைக்காடுகளில் திரியும் சாம்பல் காட்டுக்கோழியிடமிருந்து வந்தது என்று 2008-இல் கண்டுபிடித்தார்கள். இரண்டும் வேறு வேறு இனம்! எப்பவோ ஒரு சேவல் வேலி தாண்டியிருக்கு.

தேவகோட்டை ராசா:
வேலியே நாம போட்டதுதானே? டார்வினே 1859 புத்தகத்தில் 'இனம்' என்பது வசதிக்காக வைத்த பெயர் என்றுதான் எழுதினார். அதுபோக, கூடாமலே கன்றில் பெருகும் வாழைக்கு மயர் இலக்கணம் எப்படிப் பொருந்தும்?

கானாடுகாத்தான்காரி:
வசதிக்குன்னா ஆயா சொன்னதும் செல்லும்! ஆனா அந்த மஞ்சள் நாம பேர் வைக்கிறதுக்கு முன்னாடியே கலந்தது ஆச்சே, அதுதான் இடிக்குது. ஆயா மிளகு அரைச்சாச்சு. மஞ்சக்கால் தப்பிச்சது, இன்னிக்குக் கறுப்புக்கால்.