சௌ என்லாய் மட்டும் எப்படி 26 வருஷம் தாக்குப்பிடித்தார்?

பேகோ பேரன்:
யாங்கோனில் இருந்து எழுதுகிறேன். எங்கள் தாத்தா சௌ என்லாய் பேரை மரியாதையோடுதான் சொல்வார். 1960-ல் சண்டையில்லாமல் நம் பர்மாவோடு எல்லையைத் தீர்த்தவர் என்பார். ஆனால் 1968-ல் சீனாவின் யுன்னான் மாகாணத்திலிருந்து பர்மா கம்யூனிஸ்ட் படை ஆயுதத்தோடு உள்ளே வந்தபோதும் சீனப் பிரதமர் அவர்தானே? மாவோவைச் சுற்றியிருந்த அத்தனை பேரும் ஒவ்வொருவராக விழ, இவர் மட்டும் 1949-லிருந்து சாகும்வரை எப்படிப் பிரதமராகவே இருந்தார்?

லத்தா தெரு பெரியவர்:
தம்பி, 1932-லிருந்து பிடித்தால்தான் விளங்கும். அந்த வருஷம் சீனக் கம்யூனிஸ்ட் கட்சியின் நிங்து கூட்டத்துக்குப் பிறகு, மாவோவிடமிருந்த செஞ்சேனை (கட்சிப் படை) அரசியல் ஆணையர் பொறுப்பு சௌ கைக்கு வந்தது. அன்று சௌதான் மேலே. 1935 ஜனவரியில் சுன்யி நகரக் கட்சிக் கூட்டத்தில், போரில் தோற்றதற்குத் தன் தவறும் காரணம் என்று ஒப்புக்கொண்டு மாவோ பக்கம் சாய்ந்தார். பிறகு நாற்பது வருஷம் முதல் நாற்காலிக்கு அவர் ஆசைப்படவே இல்லை. பொருளாதாரத்தில் இவ்வளவு அவசரம் கூடாது என்று 1956-ல் சொன்னார். 1958-ல் அதற்காக மாவோ கட்சிக் கூட்டங்களில் அவரை வறுத்தெடுத்தார். சௌ தன்னைத் தானே குற்றம்சாட்டிப் பேசினார், பதவி விலகவும் முன்வந்தார். விடவில்லை.

நம் எல்லைக் கதையில் அவர் பொறுமை தெரியும். 1960 ஜனவரியில் நம் அன்றைய பிரதமர் நே வின் பீக்கிங் (பெய்ஜிங்) போய் உடன்பாடு செய்தார், அக்டோபர் 1-ல் அவருக்குப் பின் பிரதமரான ஊ நு ஒப்பந்தத்தில் கையெழுத்திட்டார். ஹ்பிமாவ் பக்கத்துக் கிராமங்கள் சீனாவுக்கு. பிரிட்டிஷ்காரன் குத்தகைக்கு வைத்திருந்த நம்வான் நமக்கு. அதே வருஷம் ஏப்ரலில் டெல்லியில் இந்திய எல்லை பற்றி சௌ நேருவோடு பேசியது ஒன்றும் தேறவில்லை. 1961 ஜனவரி 4, நம் சுதந்திர நாளன்று, ரங்கூனில் ஒப்புதல் பத்திரம் மாற்றிக்கொண்டார்கள். எனக்குப் பதினொரு வயசு. அப்பா கையைப் பிடித்துக்கொண்டு ரோட்டோரம் நின்றேன். கார்கள் போனது தெரிந்தது, சௌவைப் பார்க்கக் கிடைக்கவில்லை.

1967 ஜூனில் ரங்கூனில் சீனருக்கு எதிராக நடந்த கலவரத்தில் எங்கள் எதிர்க்கடைச் சீனரின் கடையை உடைத்துவிட்டார்கள். அவர் பிள்ளைகள் இரண்டு பேர் மூன்று ராத்திரி எங்கள் வீட்டில்தான் படுத்தார்கள். அடுத்த ஜனவரியிலேயே எல்லையோர மோங்கோ வழியாக நீ சொன்ன கம்யூனிஸ்ட் படை வந்தது. எல்லைக் கோட்டைப் போட்டவரே அதைத் தாண்டிப்போன துப்பாக்கிக்கும் பொறுப்பு. நீ கேட்டது சரிதான், இரண்டும் ஒரே ஆள்.

மௌல்மீன் அக்கா:
அண்ணே, ஒன்றை விட்டுவிட்டீர்கள். 1968-ல் சீன ஜனாதிபதி லியு ஷாவ்சியைத் துரோகி என்று கட்சியை விட்டு விரட்டியபோது சௌவும் அதற்கு உடன்பட்டார். அதே வருஷம் அவர் வளர்ப்பு மகள் சுன் வெய்ஷி சிறையிலேயே இறந்தாள். எத்தனையோ பேரைக் காப்பாற்றியவர்தான், மறுக்கவில்லை. பெற்ற பிள்ளை போல வளர்த்தவளைக் காப்பாற்ற முடியாத பதவியில் ஏழு வருஷத்துக்கும் மேலாக உட்கார்ந்திருந்தாரே, அது எனக்கு ஆறவே இல்லை.

லத்தா தெரு பெரியவர்:
சரிதான் தங்கச்சி, நான் சொல்லியிருக்க வேண்டும். 1972-ல் சிறுநீர்ப்பையில் புற்றுநோய் என்று தெரிந்தது, அதோடும் வேலை பார்த்தார். 1976 ஜனவரி 8-ல் போய்ச் சேர்ந்தார். அஞ்சலிக்கு மாவோ வரவில்லை. செய்தி வந்த அன்றைக்கு எதிர்க்கடைக்காரர் எங்கள் வீட்டு ரேடியோவில் பீக்கிங் நிலையம் கேட்க வந்தார். சோக இசை முடியும்வரை பேசாமல் உட்கார்ந்திருந்தார். அம்மா வைத்த டீ ஆறிப்போயிற்று.