நினைவுப்பேழையா, நினைவுச்சேமமா?

நண்பர்களுக்கு வணக்கம்.

தமிழ்மொழி விழாவுக்கென நாம் எழுதிவரும் அறிவியல் நாடகத்தின் மையமாக விளங்கும் கருவிக்கு இன்னும் பெயர் உறுதியாகவில்லை. கருவி முழுக்க நம் கற்பனை. காதோரத்தில் பொருத்திக்கொண்டால், அணிந்தவர் காண்பதையும் கேட்பதையும் மட்டுமன்றி, அந்நேரத்து மணத்தையும் நெஞ்சின் படபடப்பையும் சேர்த்துப் பதிந்து வைத்து, பல ஆண்டுகள் கழித்து அவரையோ அவர் ஒப்புதல் அளித்த ஒருவரையோ அதே நேரத்துக்குள் மீண்டும் கொண்டுபோய் நிறுத்தும். இதற்கு நினைவகம், நினைவுப்பேழை, நினைவேமம் என்னும் மூன்று பெயர்கள் முன்வைக்கப்பட்டுள்ளன. என் பரிந்துரை 'நினைவுச்சேமம்'. காரணங்களைச் சற்று விரிவாகவே சொல்ல வேண்டியிருக்கிறது.

நினைவகம் என்பதை நாம் விட்டுவிடலாம். கணினியின் ஓர் உறுப்புக்கு அச்சொல் நிலைத்துவிட்டது. அதை அங்கிருந்து பெயர்த்தெடுப்பது யாராலும் இயலாது.

நினைவுப்பேழைக்கு நல்ல மரபு உண்டு. ஒலிநாடாவை ஒலிப்பேழை என்று வழங்கிய தலைமுறைக்குப் பதிவும் பேழையும் சேர்ந்தே மனத்தில் எழும். ஆயினும், சென்ற வாசிப்பின்போது பாட்டியாக நடிக்கும் அம்மையார் அந்தச் சொல் வந்ததும் பிரதியை மடியில் கவிழ்த்துவிட்டு, "பேழைன்னா ஆளை வைக்கிற பேழையா, தம்பி?" என்று கேட்டதை நாம் எளிதாகக் கடந்துபோகக் கூடாது என்று கருதுகிறேன். அவர் கேட்டது சரியான கேள்வி. நினைவிடம், நினைவஞ்சலி, நினைவேந்தல் என்று, நினைவோடு சேரும் சொற்களில் பல ஏற்கெனவே மறைந்தவர்களைச் சுற்றியே நிற்கின்றன. அவற்றோடு பேழையும் சேர்ந்தால் கேட்பவர் மனம் நேரே சவப்பேழைக்குப் போய்விடுகிறது. நம் நாடகத்தின் பாட்டியோ உயிரோடு, தெளிவோடு, எதை வைத்திருப்பது, எதை அழிப்பது, எதை யாருக்குக் கொடுப்பது என்று தானே முடிவெடுக்கிறார். கருவியின் பெயர் அந்த உரிமையை மறைத்துவிடக் கூடாது.

நினைவேமம் பரிந்துரைத்த நண்பரின் புலமைக்கு என் வணக்கம். நாட்டுக்கு அணியாகும் ஐந்தனுள் ஒன்றாக 738ஆம் குறள் ஏமத்தைச் சொல்கிறது. பாதுகாப்பு என்னும் பொருளில் அதனினும் பழுத்த சொல் கிடைப்பது அரிது. ஆனால் அரங்கில் அமர்ந்திருப்பவரால் அகராதியைப் புரட்ட முடியாது. ஏமம் பேச்சில் வழங்காத இன்றைய நிலையில், உயர்நிலைப் பள்ளி மாணவர் ஒருவரின் காதில் அது ஏமாற்றத்தின் முதற்பாதியாகவே விழும் என்று அஞ்சுகிறேன்.

சேமம் அப்படிப்பட்டதன்று. சிங்கப்பூரில் மாதச் சம்பளம் வாங்கும் தமிழர் எவருக்கும் மத்திய சேம நிதி தெரியும். 1955 முதல் நடைமுறையில் இருக்கும் அந்த ஏற்பாட்டில், உழைக்கும் காலத்தில் உள்ளே போடுவது நம் பெயரிலேயே இருந்து பிற்காலத்தில் நமக்குத் திரும்புகிறது, நமக்குப் பின் யாருக்குச் சேர வேண்டும் என்பதையும் நாமே எழுதிவைக்கிறோம். பாட்டியின் கருவி செய்வதும் ஏறத்தாழ இதுவே. அன்றியும், சேமி, சேமிப்பு ஆகிய வினையும் பெயரும் கைவசம் ஆயத்தமாக உள்ளன. நம் ஊர்க் கணினித் தமிழ் முன்னோடி நா. கோவிந்தசாமி வழங்கியதாகச் சொல்லப்படும் 'இணையம்' உலகத் தமிழர் நாவில் நிலைத்ததற்கு, இணையத்தளம், இணையவழி என்று அது தடையின்றிக் கிளைத்ததும் ஒரு காரணம் அன்றோ! சேமம் வடமொழி வழி வந்தது என்ற மறுப்பு எழும். மறுப்பு உண்மைதான், ஆனாலும் சகரத்தில் தொடங்கித் தமிழ் ஒலியோடு முழுமையாக இயைந்துவிட்ட சொல் அது. அதை விலக்குவதால் தமிழுக்கு என்ன கிடைக்கும் என்று எனக்குப் புலப்படவில்லை.

இதைவிடக் கடினமான சிக்கல் ஒன்று பெயரின் முன்பகுதியான 'நினைவு' என்பதில் இருக்கிறது. கருவி பதிவது நினைவைத்தானா? உளவியலாளர் பிரெடெரிக் பார்ட்லெட் 1932இல் வெளியிட்ட ஆய்வில், பழக்கமில்லாத ஒரு கதையைப் படித்தவர்கள் அதைத் திரும்பச் சொல்லும்போது புரியாத பகுதிகளை உதிர்த்தும், தமக்குப் பழகிய வழக்கங்களுக்கேற்ப மாற்றியும் சொன்னதைக் காட்டினார். நினைவு என்பது ஒவ்வொரு முறையும் புதிதாகக் கட்டப்படுகிறது. 1979இல் இங்கே தொடங்கப்பட்ட வாய்மொழி வரலாற்றுப் பிரிவு, ஜப்பானியர் ஆட்சிக்காலத்தை வாழ்ந்து கடந்தவர்களிடம் பல பத்தாண்டுகளுக்குப் பின் கேட்டுப் பதிவு செய்தது நினைவு. 1942இல் அவர்கள் காதில் விழுந்த குண்டோசை நிகழ்வு. ஆகவே கருவி அந்தக் கணத்தில் பதிவதை 'நிகழ்பதிவு' என்றும், பாட்டி அதிலிருந்து தேர்ந்து, தம் குரலில் விளக்கம் சேர்த்து வைத்துக்கொள்வதை 'நினைவுச்சேமம்' என்றும் பிரித்துச் சொல்வோம். இரண்டாம் காட்சியில் பேத்தி இவ்விரண்டையும் குழப்பிக்கொள்வதிலிருந்தே சண்டை பிறக்கிறது என்பதால், இந்தப் பிரிவு நாடகத்துக்கும் வலுச் சேர்க்கும்.

பதிந்ததை மீண்டும் அனுபவிப்பதற்குப் பிரதியில் 'நினைவு மீட்பு' என்று இருக்கிறது. அது கூடாது. மூன்றாம் காட்சியில் பாட்டி மயங்கி விழுகிறார். மருத்துவர் "நினைவு திரும்பிடுச்சு" என்கிறார். தமிழில் நினைவு என்பது தன்னுணர்வையும் குறிப்பதால், அடுத்த காட்சியில் 'நினைவு மீட்பு' என்றவுடன் மருத்துவமனைச் சிகிச்சை ஒன்று நடப்பதாகவே பார்ப்பவர் எண்ணிக்கொள்வார். அவ்விடங்களில் 'மீளுணர்தல்' என்று மாற்றலாம். பார்த்தல், கேட்டல், முகர்தல் அனைத்தையும் அது தாங்கும். மருத்துவரின் வசனம் அப்படியே இருக்கட்டும்.

மாற்றுக் கருத்துடையோர் அடுத்த வாசிப்புக்கு முன் எழுதுங்கள். நினைவுச்சேமம், நிகழ்பதிவு, மீளுணர்தல் ஆகிய மூன்றையும் பாட்டியாக நடிக்கும் அம்மையாரிடம் முதலில் கொடுத்து, விளக்கம் எதுவும் சொல்லாமல் உரக்கப் படிக்கச் சொல்ல விரும்புகிறேன்.