ஜப்பானில் கபுகி நாடக அரங்கில் விசிலடித்துவிட்டேன். உங்களுக்கும் இப்படி நடந்ததா?

நாலாம்மாடி:
டோக்கியோ கின்சாவில் கபுகிஸா அரங்கம். முழு நாடகத்துக்குக் காசு பத்தாமல் ஒரே ஒரு அங்கத்துக்கு நாலாம் மாடிச் சீட்டு. நடிகர் கண்ணை உருட்டி அப்படியே உறைந்து நிற்பாரே, அந்த மியே. கட்டைகளைப் படபடவென்று பலகையில் தட்டுகிறார்கள். பின்வரிசைப் பெரியவர் "ஒதோவாயா!" என்று நடிகரின் வீட்டுப்பெயரைக் கூவினார். ஓ, கூவலாம் போல என்று எனக்கும் கை பரபரத்தது. அடுத்த மியேவுக்கு விரலை வாயில் வைத்து ஒரு விசில். ஒருவர்கூடத் திரும்பவில்லை. திட்டியிருந்தால் நிம்மதி. வெளியே வரும்போது அதே பெரியவர் தலை தாழ்த்தி, "கொஞ்சம் சீக்கிரம்" என்றார். விசில் தப்பா, நேரம் தப்பா? வருஷக்கணக்காக மண்டையைக் குடைகிறது.

தயிர்சாதம்:
நேரம்தான். கூவுகிறவர்கள் பழம் ரசிகர்கள்; கட்டை ஓயும் அந்த இடைவெளிக்குக் காத்திருப்பார்கள். அதற்கு 'மா' என்று பெயர். ஜப்பானில் அமைதிக்குத்தான் மரியாதை. சினிமா முடிந்து பெயர்கள் ஓடும்போது நான் எழுந்துவிட்டேன், வேறு யாரும் அசையவில்லை. பாதி வரிசை தாண்டியாயிற்று. பத்துப் பேர் முழங்காலில் இடித்து, விளக்கு எரியும்வரை கதவோரம் நின்றேன்.

ஓசாகாஓரம்:
அமைதியா? 1998-இல் 'முத்து' சக்கைப்போடு போட்ட நாடு இது. மசாலா திரையிடலுக்கு வந்து பாருங்கள்: குட்டிப் பட்டாசு, காகிதத்துகள், டம்போரின். என் விசில் எனக்கே கேட்கவில்லை. படம் முடிந்ததும் பக்கத்து சீட்டு அக்கா குப்பைப்பையை எடுத்துத் துகள் அள்ள ஆரம்பித்தார். சுற்றிலும் அதே வேலை. கதவுவரை போயிருந்த நான் திரும்பி வந்தேன். அவர் ஒன்றும் சொல்லவில்லை, பையின் வாயை என் பக்கம் விரித்துப் பிடித்தார்.

கதைப்பித்தன்:
விசிலெல்லாம் விடுங்கள் தம்பி, ரகுகோ கதைசொல்லல் கேளுங்கள். டோக்கியோ ஷின்ஜுகுவில் சுஎஹிரோதேய் அரங்குக்குப் போங்கள். ஒரே ஆள், மெத்தையில் மண்டியிட்டு, ஒரு விசிறி, ஒரு கைத்துண்டு. விசிறியைக் குச்சியாக்கி அவர் சோபா நூடுல்ஸ் உறிஞ்சுகிற சத்தத்தில் நமக்குப் பசிக்கும். நடுவிலும் நுழையலாம், ஆனால் சீடப்பையன் மெத்தையைத் திருப்பிப் போடும் நேரம் பார்த்து நுழையுங்கள். பாதியில் கிளம்பாதீர்கள், கடைசியில் வரும் முக்கியக் கலைஞர் 'தோரி'க்காகத்தான் கூட்டமே. என்ன கதை என்று முன்கூட்டிச் சொல்லமாட்டார்கள், மேடையேறிய பிறகுதான் தெரியும். என் அனுபவமா? நடுக்கதையில் தும்மினேன். கதைக்குள் இருந்த கிழவி எனக்குச் சளி மருந்து சொன்னாள்.

நாலாம்மாடி:
அண்ணே, தும்மலை முதலில் சொல்லியிருக்கலாம்! அடுத்த மாதம் மறுபடி கபுகிஸா போகிறேன். கட்டை ஓய்ந்த பிறகுதான் வாயைத் திறப்பேன். விசிலா, வீட்டுப்பெயரா என்று இன்னும் முடிவாகவில்லை.