பிளெண்டரில் வீட்டுத் தீயின் புகை பஞ்சுபோலத் தெரிகிறது

கேள்வி:
வணக்கம். நான்கு ஆண்டுகளாகக் காட்சி விளைவுக் கூடம் ஒன்றில் பச்சைத் திரையை நீக்கும் பணியைச் செய்து வருகிறேன். புகையும் நீரும் உருவாக்கக் கற்க வேண்டும் என்ற ஆவலில், நண்பர்களுடன் சேர்ந்து முப்பரிமாண அனிமேஷன் மென்பொருளான பிளெண்டர் முதலிய திறமூல மென்பொருள்களை மட்டுமே கொண்டு ஒரு அனிமேஷன் குறும்படம் செய்கிறேன். அதில் ஓட்டு வீடு பற்றியெரியும் காட்சி என் பொறுப்பு. புகை பஞ்சுப் பொதிபோல இருந்ததால் டொமைனின் (புகை கணிக்கப்படும் பெட்டியின்) ரெசல்யூஷனை 64இலிருந்து 256ஆக உயர்த்தினேன். இரவெல்லாம் ஓடிய கணினி, வன்தட்டு நிரம்பி நின்றுவிட்டது. அதுவரை பதிவான பிரேம்களிலோ இயக்குநர் ஏற்றுக்கொண்டிருந்த புகையின் போக்கே மாறியிருந்தது. எங்கே தவறினேன்?

மறுமொழி 1:
ரெசல்யூஷன் என்பது டொமைனின் மிக நீண்ட பக்கம் எத்தனை கட்டங்களாகப் பிரிகிறது என்பதைச் சொல்லும் எண். கனசதுர டொமைனில் 64க்கு 2,62,144 கட்டங்கள், 256க்கு 1,67,77,216. பக்கம் 4 மடங்கானதும் கணக்கு 64 மடங்காகிவிட்டது. கட்டங்கள் சிறுத்தால், முன்பு மங்கி மறைந்த சுழல்கள் நிலைத்து நின்று பெரிய ஓட்டத்தையும் திருப்பிவிடும் என்பதால், போக்கு மாறியதில் வியப்பில்லை. 2020இல் வெளிவந்த 2.82 பதிப்பிலிருந்து பிளெண்டர் புகையைக் கணிக்கப் பயன்படுத்தும் மான்டாஃப்ளோ என்ற நிரலில் இதற்கு வழி உண்டு. அடிப்படைப் புகையை 96 அளவில் வைத்துப் போக்கை இயக்குநரிடம் உறுதிசெய்துகொள்ளுங்கள்; கேஷ் (கணித்ததைச் சேமிக்கும் கோப்புகள்) வகையை, பகுதி பகுதியாகக் கணிக்க உதவும் மாடுலர் என மாற்றி அந்த அடிப்படைப் புகையை பேக் செய்யுங்கள் (கணித்துப் பதியுங்கள்); பிறகு சிறு சுழல்களை மேலே சேர்க்கும் நாய்ஸ் பகுதியை இயக்கி அதை மட்டும் தனியே பேக் செய்யுங்கள். நுணுக்கம் கூடும், போக்கு கலையாது.

மறுமொழி 2:
மேலே சொன்னது சரி. ஆயினும் பஞ்சுத் தோற்றத்திற்கு ரெசல்யூஷன் மட்டுமே காரணம் என்று நான் நினைக்கவில்லை. புகை தன்மீதே நிழல் வீழ்த்தாதபோது எவ்வளவு நுணுக்கம் இருந்தாலும் பஞ்சாகவே தெரியும். பிளெண்டரின் விரைவு ரெண்டர் முறையான ஈவீயில் ரெண்டர் செய்கிறீர்கள் என்றால் வால்யூம் நிழல் இயங்குகிறதா என்று பாருங்கள். அடர்த்தியை, மதிப்புகளைக் கூட்டிக் குறைக்க உதவும் கலர் ராம்ப் வழியாகச் செலுத்தி, மெல்லிய ஓரங்களை இன்னும் மெலிதாக்குங்கள். வேகத்தையும் கவனியுங்கள். ஊதுவத்திப் புகை விறுவிறுவென்று நெளியும். செங்கல் சூளைப் புகையைத் தொலைவிலிருந்து பார்த்தால் அசைவதே தெரியாது. வீட்டளவுப் புகைக்கு, அசைவின் வேகத்தைக் குறிக்கும் டைம் ஸ்கேலை 1க்குக் கீழே இறக்கத்தான் வேண்டும்.

மறுமொழி 3:
உங்கள் பழைய பணியை விட்டுவிடாதீர்கள் என்று கேட்டுக்கொள்கிறேன். ஆம்ஸ்டர்டாமில் பிளெண்டர் அறக்கட்டளை 2012இல் வெளியிட்ட ‘டியர்ஸ் ஆஃப் ஸ்டீல்’ குறும்படம், கேமரா டிராக்கிங் (கேமராவின் அசைவைக் கணித்தல்), பச்சைத் திரை நீக்கம் முதலியவற்றைப் பிளெண்டரில் வளர்ப்பதற்காகவே நடிகர்களைக் கொண்டு எடுக்கப்பட்டது. அதன் மூலக் காட்சிப் பதிவுகளும் திறந்த உரிமத்தில் கிடைக்கின்றன. அவற்றில் ஒரு ஷாட்டை எடுத்து, பின்னணியை நீக்கி, உங்கள் புகையை நடிகருக்கு முன்னும் பின்னுமாக வைத்துப் பாருங்கள். தனியே பார்க்கையில் அழகாக இருந்த புகை, ஒளியும் கிரெய்ன் எனப்படும் நுண்துகள் தோற்றமும் உள்ள உண்மைப் படத்தில் எங்கே ஒட்டாமல் நிற்கிறது என்பது உடனே புலப்படும். இந்தப் பயிற்சியை நான் பல மாதங்கள் செய்திருக்கிறேன்.

கேள்வி கேட்டவர்:
மூவருக்கும் நன்றி. 96 அளவும் நாய்ஸும் வைத்து பேக் செய்ததில் போக்கு அப்படியே நின்றது. வால்யூம் நிழல் அணைந்துதான் இருந்தது. டைம் ஸ்கேலை 0.6ஆக்கிய பிறகு புகை கூரையைவிட்டு எழும் கனம் வந்துவிட்டது. ஓடுகளின் இடுக்கில் கசியும் மெல்லிய புகையை இனித் தனி டொமைனில் செய்யப் போகிறேன்.