பஸ்டர் கீட்டனின் மௌன நகைச்சுவைப் படம் ‘நெய்பர்ஸ்’ (1920): ஓட்டம் ஏன் இவ்வளவு வேகம்?

கேள்வி: வேலி ஓட்டை வழியாகக் காதல் சீட்டு மாறும் காட்சியே படபடவென்று ஓடுகிறது. பிரதியில் கோளாறா? மூன்று ஆள் கோபுரம் ட்ரிக் ஷாட்டா?

பதில் 1: பிரதிமேல் பழி போடாதீர்கள். அன்றைய கேமரா கைப்பிடியால் சுற்றுவது; வேகம் நிலையாக இருக்காது. 35 மி.மீ. ஃபிலிமில் அடிக்கு 16 ஃபிரேம் (தனித்தனிப் படம்). 1000 அடி ரீல் நொடிக்கு 16 ஃபிரேமில் 16 நிமிடம் 40 நொடி. 24-இல் 11 நிமிடம்தான். மெதுவாகச் சுற்றி எடுத்ததை வேகமாக ஓட்டினால் படபடக்கத்தான் செய்யும். பிளேயரில் வேகத்தை 0.85 மடங்காக வைத்துப் பாருங்கள். அதற்கும் கீழே போனால் அடிதடி நகைச்சுவை சவசவத்துவிடும்.

பதில் 2: கோபுரம் அசல். தோள்மேல் தோள், உச்சியில் கீட்டன். மூவரும் மூன்று மாடி ஜன்னல்களில் ஒரே நேரம் நுழைவதைக் கவனியுங்கள். கேமரா தள்ளி நிற்பதே அதற்காகத்தான்: குளோசப் போட்டால் யார் நம்புவார்கள்?